முத்துராஜவெலவில் படகு ஏறுகிறவர்களுக்கு

வணக்கம் நேயர்களே. லீவு நாளில் பிள்ளைகளை எங்கே கூட்டிக்கொண்டு போகலாம் என்று கொழும்பில் கேட்டால், காலிமுகத்திடல், தெஹிவளை மிருகக்காட்சிசாலை என்றுதான் பதில் வரும். களனி ஆற்றைத் தாண்டினால் நீர்கொழும்புக் களப்புவரை முத்துராஜவெல சதுப்பு நிலம் கிடக்கிறது. அதன் வடபகுதி 1996இல் சரணாலயமாக அறிவிக்கப்பட்டது. ஹமில்டன் கால்வாய் வழியே படகில் போய்ப் பார்க்கலாம்.

நான் எங்கே பேசப் போனாலும் படகின் வேகத்தைப் பற்றிச் சொல்லாமல் விடுவதில்லை. இன்றைக்கும் சொல்கிறேன். ஒருமுறை எங்கள் படகு கால்வாயிலிருந்து களப்புக்குள் திரும்பியது. ஓரமாக ஒரு ஐயா சின்ன வள்ளத்தில் நின்று வலையை இழுத்துக்கொண்டிருந்தார். எங்களோடு வந்த ஒருவர், "தம்பி, கொஞ்சம் வேகமா விடுங்கோ, பிள்ளையள் ஆசைப்படுதுகள்" என்றார். படகோட்டித் தம்பியோ இன்ஜினையே நிறுத்திவிட்டார். "எங்கட அலை அடிச்சா அவர்ட வலை சுருண்டுரும் அண்ணே, பொறுங்க." அந்த ஐயா வலையை ஏற்றி முடித்துக் கையைக் காட்டிய பிறகுதான் நகர்ந்தோம். அந்தச் சத்தமில்லாத நேரத்தில்தான் கண்டல் வேரில் படுத்திருந்த கபரகொயாவை, அதுதான் அந்தப் பெரிய நீர் உடும்பை, பிள்ளைகள் கண்டார்கள். வேகமாகப் போயிருந்தால் அதுவும் தண்ணீருக்குள் பாய்ந்திருக்கும்.

இதைத்தான் திரும்பத் திரும்பச் சொல்கிறேன். பணம் கொடுத்து ஏறுகிற நமக்கு அது ஒரு பொழுதுபோக்கு. வலைக்காரருக்கு அன்றாடச் சோறு. "சதுப்பு நிலப் பாதுகாப்பு" என்று அதிகாரிகள் வந்து சொன்னாலே, இனி மீன் பிடிக்க விடமாட்டார்கள் என்றுதான் அவர் காதில் விழுகிறது. அந்தப் பயம் நியாயமானது. அவரைக் கேட்காமல் எழுதுகிற விதி பலகையில்தான் இருக்கும், தண்ணீரில் நிற்காது.

கேட்டால் சொல்லத் தெரிந்தவர்கள் அவர்கள். நீர்கொழும்புக் களப்பில் இறாலுக்குக் கட்டுவலை போடுகிற மீனவர் சங்கங்கள், சீட்டுக் குலுக்கி, முறை வைத்து இடம் பிரித்துக்கொள்வது நெடுநாள் வழக்கம். தண்ணீரைப் பங்கிடத் தெரிந்தவர்களிடம், ஒரே நேரத்தில் எத்தனை படகு, எந்த வாய்க்கால், எத்தனை மணிக்கு என்று கேட்பதில் என்ன கஷ்டம்? படகோட்டிகளையும் அதே மேசையில் இருத்துங்கள். டிக்கெட் காசில் ஒரு பங்கு அந்தக் கரைக் கிராமங்களுக்கே போகட்டும்.

ஈரநிலங்களைக் காக்கும் சர்வதேச உடன்படிக்கையான ராம்சாரின் கீழ், 2018இல் கொழும்பு ஈரநில நகரமாக அங்கீகாரம் பெற்றதைப் பற்றியும், பெத்தகான, தியசரு ஈரநிலப் பூங்காக்களைப் பற்றியும் விரிவாகச் சொல்ல இருந்தேன். நேரம் முடிகிறது என்று கண்ணாடிக்கு அந்தப் பக்கம் கை காட்டுகிறார்கள். போகிறவர்கள் காலையில் வெள்ளனப் போங்கள். பொலித்தீன் கொண்டுபோக வேண்டாம். ஏறும்போதே, "மெதுவா விடுங்கோ தம்பி, எங்களுக்கு அவசரமில்லை" என்று சொல்லிவிடுங்கள். நன்றி, வணக்கம்.