அடுப்படி மொழியில் ஓர் அரசன்

நண்பர்களே, வணக்கம்.

ஒரு மொழியை அதைப் பேசுகிறவர்களே கொஞ்சம் கூச்சத்தோடு பேசிய காலம். தென்னாப்பிரிக்காவில், டச்சிலிருந்து கிளைத்த ஆப்பிரிக்கான்ஸுக்கு அப்போது 'சமையலறை மொழி' என்றுதான் பெயர். கோயிலில் டச்சு, அரசு அலுவலகத்தில் ஆங்கிலம், வீட்டில் வேலையாளை அதட்ட ஆப்பிரிக்கான்ஸ். 1925இல்தான் அதற்கு ஆட்சிமொழித் தகுதி கிடைத்தது. முழு பைபிள் அதில் வந்தது 1933இல்.

அந்த மொழியில் மேடையேறியவர் ஆந்த்ரே ஹியூகெனே. 1906இல் ப்ளூம்ஃபொன்டைனில் பிறந்தவர். இயற்பெயர் கெரார்டஸ் பெட்ரஸ் போர்ஸ்ட்லாப். அதை ஒத்த 'போர்ஸ்லாப்' என்றால் அந்த மொழியில் குழந்தைக்குச் சோறூட்டும்போது கழுத்தில் கட்டும் துணி! சோக நாடக நாயகனுக்கு இந்தப் பெயரோடு சுவரொட்டி அடிக்க முடியுமா? பெயரை மாற்றியதற்கு இதுதான் காரணம் என்று நானாக நினைத்துக்கொள்கிறேன்.

நெதர்லாந்திலிருந்து வந்த பவுல் டி க்ரூட்டின் குழுவில் சேர்ந்து தொழில் கற்றார். பிறகு சொந்தக் குழு. ஊர் ஊராகப் பயணம், கிடைத்த மண்டபத்தில் நாடகம், மறுநாள் மூட்டை கட்டு. நாடகம் என்றாலே பாவம் என்று நினைத்த பக்தர்கள் வேறு. 1931இல் ஆப்பிரிக்கான்ஸ் பேசும்படம் வந்தது. பின்னாளில் ஹியூகெனேயும் படங்களில் நடித்தார். சரி, அதை விடுங்கள், அவர் உயிர் மேடையில்தான் இருந்தது. 1947இல், நாற்பது வயதை ஒட்டி, ஆப்பிரிக்கான்ஸில் ஷேக்ஸ்பியரின் ஹாம்லெட்டாக நின்றார். அடுப்படியில் கிடந்த மொழியில் டென்மார்க் இளவரசன் புலம்பினான். 1950இல் தன் வாழ்க்கையை எழுதி, 'கைதட்டல்' என்று தலைப்பு வைத்தார்.

ஒன்றை மறைக்கக் கூடாது. கேப் பகுதியில் வெள்ளையரல்லாத லட்சக்கணக்கானோருக்கும் ஆப்பிரிக்கான்ஸே தாய்மொழி. ஆனால் அவர் பார்த்த கைதட்டல் பெரும்பாலும் வெள்ளைக் கைகளுடையது.

அப்புறம் 1956. கேப்டவுனில் ஈடிபஸ் நாடகம்: அறியாமல் தந்தையைக் கொன்று தாயை மணந்த கிரேக்க அரசனின் கதை. அரசன் ஹியூகெனே. கிழட்டு ஆட்டிடையனாக இருபத்து நான்கு வயதுப் பையன் ஒருவன். அந்தக் காட்சி இது: அரசனின் பிறப்பு ரகசியம் தெரிந்த இடையனை இழுத்து வருகிறார்கள், கையை முறுக்கச் சொல்கிறான் அரசன். சொன்னால் அரசன் அழிவான். சொல்லாவிட்டால் இடையன் சாவான். அரசன் ஒவ்வொரு சொல்லாகப் பிடுங்குகிறான். கடைசிச் சொல் விழும்போது அரசனின் முகம் எப்படி உடைகிறது என்பது அரங்கின் பின்வரிசைக்குச் சரியாகத் தெரியாது. மேடையில் ஓரிரு அடி தள்ளி நிற்கிற அந்தப் பையனுக்குத் தெரியும்.

அவன் பெயர் அதோல் ஃபுகார்ட். பின்னாளில் தென்னாப்பிரிக்காவின் மிகப் பெரிய நாடகாசிரியர்.

ஹியூகெனே 1961இல் பிறந்த ஊரிலேயே இறந்தார். அங்கே ஒரு சிறு அரங்குக்கு அவர் பெயர் வைத்தார்கள். 2004இல், எழுபதைத் தாண்டிய ஃபுகார்ட் இரண்டே பாத்திரங்கள் வைத்து ஒரு நாடகம் எழுதினார். முதுமை தட்டிய நடிகர் ஒருவர், அவருக்கு உடுப்பு மாட்டிவிடும் இளைஞன் ஒருவன். நடிகரின் பெயர் ஆந்த்ரே.

அந்த நாடகம் ஆங்கிலத்தில்.