பாக்கோ ராபாலை உயர்த்தியது முதுமையே!

நடுவர் அவர்களே, எதிரணி நண்பர்களே, அவையோரே, வணக்கம்.

ஸ்பெயின் நடிகர் பிரான்சிஸ்கோ ராபால், ரசிகர்களுக்குப் பாக்கோ ராபால், திரையில் சிகரம் தொட்டது இளமையிலா, முதுமையிலா என்பதுதான் இன்றைய வழக்கு. முதுமையில்தான் என்று அடித்துச் சொல்ல வந்திருக்கிறேன்.

எதிரணித் தலைவர் இயக்குநர் லூயிஸ் புனுவேலின் படங்களை எடுத்து வைத்தார். 1959இல் 'நசரின்', 1961இல் 'விரிதியானா'. சரி, இரண்டும் பெரிய படங்கள்தான். ஸ்டுடியோவில் எலக்ட்ரீஷியனாக இருந்த பையன் கேமராவுக்கு முன்னால் வந்து நின்றது சாதாரண விஷயம் இல்லை. ஆனால் அப்போது அவருக்கு அழகு இருந்தது, கம்பீரக் குரல் இருந்தது. 'விரிதியானா'வில் சொத்துக்கு வாரிசாக வரும் வாலிபன் மிடுக்காக நடந்தாலே பாதி வேலை முடிந்துவிடும்.

அந்த அழகையெல்லாம் கழற்றி வைத்துவிட்டு 1984இல் ஒரு படம் செய்தாரே, மரியோ காமுஸ் இயக்கிய 'லாஸ் சாந்தோஸ் இனோசென்தேஸ்', அதைப் பாருங்கள். பண்ணையாரின் நிலத்தில் அடிமைபோல் கிடக்கும் குடும்பம். அதில் மனவளர்ச்சி குன்றிய கிழவர் அசாரியாஸ். வெறும் வாயை மென்றுகொண்டே இருப்பார். கை வெடிக்காமல் இருக்கத் தன் சிறுநீரையே கையில் விட்டுக்கொள்வார். கதாநாயகனாக வாழ்ந்த எத்தனை பேர் இதைச் செய்ய ஒப்புக்கொள்வார்கள்? அவர் வளர்க்கும் பறவை, 'மிலானா போனித்தா' (அழகு மிலானா) என்று கூப்பிட்டால் பறந்து வந்து தோளில் உட்காரும். வேட்டையில் ஒன்றும் சிக்காத ஆத்திரத்தில் சின்னப் பண்ணையார் அதைச் சுட்டுத் தள்ளுகிறான். செத்த பறவையைக் கையில் ஏந்தி அசாரியாஸ் அழும்போது நமக்கு நெஞ்சு அடைக்கிறது. பிறகு அவரே அந்தப் பண்ணையாரைக் கயிற்றில் தொங்கவிடும்போது, நாம் அவர் பக்கம்தான் நிற்கிறோம்! கான் திரைப்பட விழாவில் அந்த ஆண்டின் சிறந்த நடிகர் விருது ராபாலுக்கும், உடன் நடித்த ஆல்பிரெதோ லாண்டாவுக்கும். 'மிலானா போனித்தா' ஸ்பெயினில் வீட்டுக்கு வீடு தெரிந்த வார்த்தை ஆனது.

இளமையிலேயே உலகம் அவரை அறிந்துவிட்டது என்றார் எதிரணித் தோழி. அப்படியா? 'பெல் து ஜூர்' படத்தில் பார்த்த ராபாலைத்தான் ஹாலிவுட் இயக்குநர் வில்லியம் பிரீட்கின் தன் 'பிரெஞ்ச் கனெக்ஷன்' படத்துக்குக் கேட்டார். ஆள் மாறி இன்னொரு ஸ்பெயின் நடிகர் பெர்னாண்டோ ரே வந்து இறங்கினார்! அந்த வாலிப முகம் அவ்வளவுதான் மனதில் பதிந்திருந்தது. அசாரியாஸைப் பார்த்த யாராவது ஆளை மாற்றிச் சொல்வார்களா?

கடைசியாக ஒன்று. 1999இல் கார்லோஸ் சௌரா ஓவியர் கோயாவைப் பற்றி எடுத்த படம். நாட்டைவிட்டு வெளியேறி பிரான்சின் போர்தோ நகரில் கடைசிக் காலத்தைக் கழிக்கும் கிழவராக ராபால். வாலிபக் கோயாவும் அதே படத்தில் உண்டு. நடித்தவர் ஹோசே கொரோனாதோ. ஒரே பாத்திரத்தில் இளமையும் முதுமையும் நேருக்கு நேர். ஸ்பெயினின் சிறந்த நடிகர் விருதை வாங்கியது யார்? 73 வயது ராபால்!

தீர்ப்பை உங்களிடம் விடுகிறேன், நடுவர் அவர்களே. நன்றி, வணக்கம்.