பக்கைத் துரத்தாதீர்கள்: மே மாத ஐஸ் ஹாக்கியை வீட்டிலிருந்து பார்க்க ஒரு வழி

வணக்கம் மக்களே. டெல்லி மயூர் விஹாரிலிருந்து பேசுகிறேன். பின்னால் கடகடவென்று ஒரு சத்தம் கேட்கிறது இல்லையா, அது கூலர். அதை நிறுத்திவிட்டுப் பேசினால் உங்களுக்கு என் குரல் நன்றாகக் கேட்கும், ஆனால் பேசுவதற்கு நான் இருக்க மாட்டேன். ஆகவே பொறுத்துக்கொள்ளுங்கள்.

இந்த வெயிலில் ஐஸ் ஹாக்கி பற்றி வீடியோவா என்று கேட்பீர்கள். இந்த வெயிலில்தான் அது நடக்கிறது, நான் என்ன செய்ய. சர்வதேச ஐஸ் ஹாக்கி கூட்டமைப்பு, அதாவது ஐஐஹெச்எஃப், நடத்தும் ஆடவர் உலக சாம்பியன்ஷிப் வழக்கமாக மே மாதத்தில்தான் வரும். 2026-இல் ஸ்விட்சர்லாந்தில், சூரிச், ஃப்ரிபூர் என்று இரண்டு ஊர்களில், மே 15 முதல் 31 வரை. நம் ஊர்க்காரர்களுக்கு இதில் ஒரு பெரிய சௌகரியம் இருக்கிறது. அமெரிக்காவிலும் கனடாவிலும் நடக்கும் என்ஹெச்எல் என்ற தொழில்முறை லீக்கின் ஆட்டம் பார்க்கவேண்டுமென்றால் பால்காரர் வருவதற்கு முன்னால் எழுந்திருக்க வேண்டும். இதற்கு அந்தத் தொல்லை இல்லை. மே மாதத்தில் ஸ்விட்சர்லாந்துக்கும் நமக்கும் மூன்றரை மணி நேரம்தான் வித்தியாசம். கடந்த சில வருடங்களாக ஆட்டங்களை அங்கே மாலை 4.20-க்கும் இரவு 8.20-க்கும் வைக்கிறார்கள். நமக்கு அது இரவு 7.50, 11.50. சனி, ஞாயிறு மதியத்திலும் ஒன்று இருக்கும்.

சரி, விஷயத்துக்கு வருவோம். ஐஸ் ஹாக்கி பார்க்க உட்காரும் எல்லோரும் பத்தாவது நிமிடத்தில் சொல்வது ஒன்றுதான்: "ஒண்ணுமே தெரியலையே." என் அம்மா போன வருடம் என்னோடு உட்கார்ந்து கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "என்னடா இது, ஆளையே காணோம், ஹெல்மெட்டுதான் ஓடுது, எதுக்கு ஓடுதுன்னும் தெரியலை" என்று சொல்லி எழுந்து போய்விட்டார். நியாயமான விமர்சனம்.

இதோ பாருங்கள், இதுதான் பக், பந்துக்குப் பதிலாக இதைத்தான் அடிக்கிறார்கள். கேமராவுக்குக் கிட்டே காட்டுகிறேன். கெட்டி ரப்பர் வட்டு, குறுக்களவு 7.62 சென்டிமீட்டர், தடிமன் 2.54, எடை 156-லிருந்து 170 கிராம் வரை. மாடி வீட்டில் வாடகைக்கு இருக்கும், லடாக்கின் லே ஊர்ப் பையனுடையது, கேட்டு வாங்கி வந்தேன். இது அறை வெப்பத்தில் இருந்தது, தரையில் போடுகிறேன். பார்த்தீர்களா, துள்ளி ஓடுகிறது. இப்போது ஃப்ரீசரில் இருந்து எடுத்த இன்னொன்று. டப். அவ்வளவுதான், படுத்துவிட்டது. ஆட்டத்துக்கு முன்னால் பக்கை உறைய வைப்பதே இதற்காகத்தான், பனியில் துள்ளாமல் வழுக்கிக்கொண்டு போகவேண்டும் என்பதற்காக. நல்ல ஆட்டக்காரர் அடித்தால் மணிக்கு 150 கிலோமீட்டரைத் தாண்டும். 60 மீட்டர் நீளத் தளத்தில் அந்த வேகத்தில் போகும் இந்தக் கறுப்பு வில்லையை உங்கள் டிவியில் கண்ணால் பிடிக்க முடியாது. முயற்சியே செய்யாதீர்கள். இந்த வீடியோவில் நான் சொல்ல வந்தது இதுதான், மீதியெல்லாம் இதற்கு விளக்கம்.

பிறகு எதைப் பார்ப்பது? மாடி வீட்டுப் பையன் என்னோடு ஆட்டம் பார்க்கும்போது அவன் கண் எங்கே போகிறது என்று கவனித்திருக்கிறேன். பெஞ்சைப் பார்க்கிறான். "பையா, யார் உள்ளே வர்றாங்கன்னு பாருங்க" என்று இந்தியில் திரும்பத் திரும்பச் சொல்வான். இந்த ஆட்டத்தில் ஒரு நேரத்தில் கோல்கீப்பரோடு சேர்த்து ஓர் அணிக்கு ஆறு பேர். ஆனால் கோல்கீப்பர் தவிர மற்ற ஐந்து பேரும் முக்கால் நிமிடம் உயிரைக் கொடுத்து ஓடிவிட்டு, ஆட்டம் நடந்துகொண்டிருக்கும்போதே பலகையைத் தாண்டி பெஞ்சுக்குள் குதிப்பார்கள், அதே நொடியில் அடுத்த ஐந்து பேர் வெளியே குதிப்பார்கள். யாரும் விசில் அடிப்பதில்லை, யாரிடமும் அனுமதி கேட்பதில்லை. களைத்த ஐந்து பேர் மாட்டிக்கொண்டு மாற முடியாமல் தவிக்கும்போது எதிரணி புது ஆட்களை இறக்கினால், அடுத்த அரை நிமிடத்தில் கோல் வாய்ப்பு வருவதை நீங்களே முன்கூட்டிச் சொல்லலாம். சொல்லிப் பாருங்கள், வீட்டில் மதிப்பு கூடும்.

விதிகள் நிறைய உண்டு, எல்லாம் வேண்டாம். தளத்தில் குறுக்கே இரண்டு நீலக் கோடுகள், நடுவில் ஒரு சிவப்புக் கோடு. எதிரணியின் நீலக் கோட்டைப் பக் தாண்டுவதற்கு முன்னால் தாக்கும் அணியின் ஆள் தாண்டிவிட்டால் ஆஃப்சைடு. போதும்.

ஐஸிங் என்பதுதான் சுவாரசியம். நெருக்கடியில் இருக்கும் அணி, நடுக்கோட்டுக்குத் தன் பக்கத்திலிருந்தே பக்கை எதிர்முனை வரைக்கும் ஓங்கி அடித்துத் தள்ளிவிட்டால், யாரும் தொடாமல் அது கோல் கோட்டைத் தாண்டினால், நடுவர் ஆட்டத்தை நிறுத்தி, மறுபடியும் அந்த அணியின் எல்லைக்குள்ளேயே கொண்டுவந்து தொடங்க வைப்பார். அதோடு விட்டால் பரவாயில்லை, தப்பித்த அணி ஆட்களை மாற்றவும் கூடாது. நாக்கு தள்ளிப்போன அதே ஐந்து பேர், எதிரே புதிதாக வந்த ஐந்து பேர். ஐஸிங் விழுந்ததும் தண்ணீர் குடிக்க எழுந்து போகாதீர்கள்.

அப்புறம் பவர்ப்ளே. கிரிக்கெட்டில் அது ஓவர் கணக்கில் முன்கூட்டியே முடிவான ஒன்று. இங்கே தப்பு செய்தால்தான் வரும். காலைத் தட்டிவிட்டாலோ மட்டையால் கொக்கி போட்டு இழுத்தாலோ இரண்டு நிமிடம் தனிப் பெட்டிக்குள் உட்கார வேண்டும், அதுவரை அவர் அணி கோல்கீப்பர் தவிர நாலு பேரோடு ஆடும். எதிரணி கோல் போட்டுவிட்டால் இரண்டு நிமிடம் முடியாவிட்டாலும் அவர் வெளியே வரலாம். அந்தப் பெட்டிக்குள் தலையைக் குனிந்து உட்கார்ந்திருக்கும் ஆளின் முகத்தைக் கேமரா காட்டும்போது தேர்வு ஹாலுக்கு வெளியே நிற்க வைத்த பையன் மாதிரியே இருப்பார்.

கடைசி இரண்டு மூன்று நிமிடம் தனி ஆட்டம். ஒரு கோல் பின்தங்கிய அணி தன் கோல்கீப்பரையே வெளியே எடுத்துவிட்டு ஆறாவது ஆட்டக்காரரை இறக்கும். பின்னால் வலை காலி. சமன் செய்தாலும் செய்வார்கள், எதிரணி தளத்தின் மறுமுனையிலிருந்து காலி வலைக்குள் போட்டாலும் போடும். 2025 காலிறுதியில் டென்மார்க்கின் ஹெர்னிங் ஊரில் இப்படி ஒரு முடிவு நடந்தது. கனடா 1-0 முன்னிலை. அந்த அணியில் சிட்னி கிராஸ்பி இருக்கிறார், நேதன் மக்கினன் இருக்கிறார், இரண்டு பேரும் என்ஹெச்எல் நட்சத்திரங்கள், யாரைக் கேட்டாலும் முடிந்தது கதை என்றுதான் சொல்வார்கள். இரண்டே கால் நிமிடம் பாக்கி இருக்கும்போது நிகோலாய் ஏலர்ஸ் சமன் செய்தார், 49 நொடி பாக்கி இருக்கும்போது நிக் ஓலசன் இன்னொன்று போட்டார். டென்மார்க் 2, கனடா 1. அரையிறுதியில் ஸ்விட்சர்லாந்து அவர்களை 7-0 என்று துவைத்து எடுத்தது வேறு கதை.

போட்டியின் அமைப்பைச் சுருக்கமாகச் சொல்கிறேன். 16 அணிகள், எட்டு எட்டாக இரண்டு குழு, ஒவ்வொரு குழுவிலும் முதல் நாலு காலிறுதிக்கு. 20 நிமிடம் வீதம் மூன்று பீரியட். 60 நிமிடத்துக்குள் ஜெயித்தால் மூன்று புள்ளி, சமனில் முடிந்து கூடுதல் நேரமான ஓவர்டைமிலோ, ஒவ்வொருவராகக் கோல்கீப்பரை எதிர்த்து அடிக்கும் ஷூட்அவுட்டிலோ ஜெயித்தால் இரண்டு, அதில் தோற்றவருக்கும் ஒன்று. ஓவர்டைமில் கோல்கீப்பர் தவிர மூன்றுக்கு மூன்று பேர்தான், தளம் முழுக்கக் காலியிடம், முதல் கோல் விழுந்ததும் ஆட்டம் முடிந்தது. குழு ஆட்டத்தில் இது ஐந்து நிமிடம், பிறகு ஷூட்அவுட். இறுதிப் போட்டிக்கு மட்டும் ஷூட்அவுட் கிடையாது, கோல் விழும்வரை இருபது இருபது நிமிடமாக ஓடும்.

முதல் வாரப் புள்ளிப் பட்டியலை நம்பி யாரையும் எழுதித் தள்ளிவிடாதீர்கள். 2021-இல் கனடா முதல் மூன்று ஆட்டத்தையும் தோற்றது, கடைசியில் தங்கம் வாங்கியதும் அவர்கள்தான். இதற்கு இன்னொரு காரணமும் உண்டு: இதே மே மாதத்தில் என்ஹெச்எலில் ஸ்டான்லி கோப்பைக்கான ஆட்டங்கள் நடக்கும், அதில் தோற்று வெளியேறும் ஆட்டக்காரர்கள் விமானம் ஏறி நேராக இங்கே வந்து சேர்வார்கள். முதல் நாள் பார்த்த அணியும் இரண்டாவது வாரத்து அணியும் ஒன்றாக இருக்காது. ரஷ்யாவையும் பெலாரஸையும் தேடாதீர்கள், 2022-இலிருந்து தடை.

யாரை ஆதரிப்பது? நம் நாடு இந்தப் பதினாறில் இல்லை, ஆகவே மனசாட்சிக்குப் பதில் சொல்லாமல் யாரை வேண்டுமானாலும் தேர்ந்தெடுக்கலாம். உணர்ச்சிக் கதை வேண்டுமென்றால் ஸ்விட்சர்லாந்து. 2013, 2018, 2024, 2025 நாலு தடவையும் இறுதிக்குப் போய் நாலு தடவையும் வெள்ளி. கடைசி இரண்டும்தான் கொடுமை. 2024-இல் பிராகில் செக் நாட்டிடம் 2-0, 2025-இல் ஸ்டாக்ஹோமில் அமெரிக்காவிடம் ஓவர்டைமில் 1-0. இரண்டு இறுதிப் போட்டி சேர்த்து ஒரு கோல்கூட இல்லை. அந்த 2025 தொடரின் சிறந்த ஆட்டக்காரர் விருதைக் கொடுத்ததும் அவர்களுடைய கோல்கீப்பர் லியோனார்டோ ஜெனோனிக்குத்தான், பாவம், அவர் எவ்வளவு தடுத்தாலும் முன்னால் ஒருத்தர் போடவேண்டுமே. அமெரிக்காவுக்கு ஓவர்டைம் கோலைப் போட்டவர் டேஜ் தாம்சன். ஒலிம்பிக்கோடு சேராமல் தனியாக நடக்கும் உலக சாம்பியன்ஷிப்பில் 1933-க்குப் பிறகு அவர்களுக்கு அதுதான் முதல் தங்கம். இப்போது சொந்த மண்ணில், சூரிச் குழுவில், அதே அமெரிக்காவோடு ஸ்விட்சர்லாந்து. 2020-இலேயே அங்கே நடந்திருக்க வேண்டிய போட்டி, கொரோனாவால் ரத்தானது.

ஆனால் எனக்குப் பிடித்தது மேலே நடப்பது அல்ல, அடியில் நடப்பது. ஒவ்வொரு குழுவிலும் கடைசி அணி அடுத்த வருடம் கீழ்ப் பிரிவுக்கு இறங்க வேண்டும். இந்த முறை பிரிட்டனும் இத்தாலியும் கீழேயிருந்து ஏறி வந்திருக்கிறார்கள், கஜகஸ்தானும் பிரான்சும் இறங்கியிருக்கிறார்கள். ஏழாம் இடமா எட்டாம் இடமா என்று இரண்டு சின்ன நாடுகள் மோதும் ஆட்டத்தில் பெரிய பெயர் ஒன்றும் இருக்காது, ஆனால் அடிக்கிற பக்கின் முன்னால் விழுந்து உடம்பால் தடுப்பார்கள். இறுதிப் போட்டியில்கூட அப்படி ஒரு வெறியைப் பார்க்க முடியாது. சின்ன நாடுகளுக்கு இது எவ்வளவு பெரிய விஷயம் என்றால், 2023-இல் லாட்வியா அமெரிக்காவை ஓவர்டைமில் ஜெயித்து முதல் முறையாக வெண்கலம் வாங்கியதும், அந்த நாட்டு நாடாளுமன்றம் நள்ளிரவில் கூடி மறுநாள் திங்கட்கிழமையை விடுமுறை என்று அறிவித்தது. நம் ஊரில் மழைக்கு விடுமுறை விடவே கலெக்டர் காலை ஏழு மணி வரை யோசிக்கிறார்.

சண்டை பார்க்கலாம் என்று வருகிறவர்களுக்கு ஏமாற்றம்தான். என்ஹெச்எலில் குத்துச்சண்டை போட்டால் ஐந்து நிமிடம் பெட்டிக்குள் உட்கார்ந்துவிட்டு வரலாம், இங்கே ஆட்டத்தைவிட்டே அனுப்பிவிடுவார்கள். எனக்கு இதுதான் சரி என்று படுகிறது.

இன்னொன்று. "ஹாக்கின்னா கோவில்பட்டிதானே, இது என்ன புதுசா" என்று என் பெரியப்பா கேட்டார். பெரியப்பா, கோவில்பட்டிக்குக் குறையே இல்லை. ஆனால் இந்தியாவில் ஐஸ் ஹாக்கியும் உண்டு, லடாக்கில் குளத்தில் தண்ணீர் உறைந்தால் மட்டையை எடுத்துக்கொண்டு கிளம்பிவிடுகிறார்கள். 2025-இல் ஐக்கிய அரபு அமீரகத்தின் அல் ஐன் ஊரில் நடந்த மகளிர் ஆசியக் கோப்பையில் இந்தியப் பெண்கள் வெண்கலம் வாங்கினார்கள். வருடத்தில் கொஞ்ச நாள் மட்டுமே இயற்கைப் பனி கிடைக்கிற ஊரிலிருந்து வந்த பெண்கள். நம் டிவியில் எத்தனை நிமிடம் காட்டினார்கள் என்று கேட்காதீர்கள், எனக்குக் கோபம் வரும்.

சரி, நடைமுறைக்கு வருவோம். ஒரு ஆட்டம் இடைவேளையெல்லாம் சேர்த்துச் சுமார் இரண்டரை மணி நேரம். 11.50 ஆட்டம் முடிய ராத்திரி இரண்டைத் தாண்டும், மறுநாள் மெட்ரோவில் நின்றுகொண்டே தூங்க வேண்டியிருக்கும். ஆகவே வார நாளில் 7.50 ஆட்டம், வெள்ளி, சனி மட்டும் 11.50. அதற்கு முன்னால் ஐஐஹெச்எஃப்-இன் யூடியூப் சேனலில் டென்மார்க்–கனடா காலிறுதியின் சுருக்கத்தைப் பாருங்கள். முதல் தடவை பக்கைத் தேடிப் பாருங்கள், இரண்டாவது தடவை தேடாமல் பாருங்கள். இன்வெர்ட்டர் பேட்டரிக்குத் தண்ணீர் ஊற்றிவிட்டீர்களா என்றும் பார்த்துக்கொள்ளுங்கள், எங்கள் பக்கம் மே மாதத்தில் மூன்றாவது பீரியடில்தான் கரண்ட் போகும். நான் டென்மார்க் பக்கம், மாடி வீட்டுப் பையன் ஸ்விட்சர்லாந்து, அம்மா இன்னும் முடிவு செய்யவில்லை.