கடிபட்ட கன்னம் ஏன் சீக்கிரம் ஆறுகிறது?

நேயர்களுக்கு வணக்கம். பேசிக்கொண்டே சாப்பிடும்போது கன்னத்தின் உட்பக்கத்தை நறுக்கென்று கடித்துக்கொள்வது எல்லோருக்கும் நடந்திருக்கும். கண்ணில் தண்ணீர் வரும், இரண்டு நாள் சூடாக எது பட்டாலும் எரியும், அப்புறம் எப்போது ஆறியது என்றே தெரியாமல் மறந்துபோகும். இப்போது நாக்கு நுனியால் அந்த இடத்தைத் தடவிப் பாருங்கள். வழவழவென்று இருக்கிறதே, அதன் பெயர்தான் எபிதீலியம். பள்ளிக்கூடத்தில் அதன் செல் வடிவங்களைத் தட்டை, கனசதுரம், தூண் என்று மனப்பாடம் செய்து, பரீட்சை முடிந்ததும் மறந்திருப்பீர்கள். தப்பு உங்கள் மேல் இல்லை. பெயரைச் சொல்லிக்கொடுத்தார்கள், அந்த வடிவம் அங்கே எதற்கு என்று சொல்லவில்லை. இன்று அதைத்தான் பேசப் போகிறேன்.

எபிதீலியம் என்ற சொல்லே கொஞ்சம் வேடிக்கையானது. ஃபிரெடரிக் ரூய்ஷ் என்ற டச்சு உடற்கூறு அறிஞர் 18-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் உதட்டை மூடியிருக்கும் மெல்லிய படலத்துக்கு வைத்த பெயர் இது. 'எபி' என்றால் மேலே, 'தெலெ' என்றால் முலைக்காம்பு, இரண்டும் கிரேக்கம். உதட்டுக்கு வைத்த பெயர் பிற்பாடு தோல், குடல், மூச்சுக்குழாய், சிறுநீரகம் என்று உடம்பின் பரப்புகளை மூடியிருக்கும் படலங்கள் எல்லாவற்றுக்கும் ஒட்டிக்கொண்டது.

இந்தத் திசுவுக்குள் ரத்தக் குழாய் கிடையாது. தோலில் லேசாகச் சிராய்த்தால் வெள்ளைக் கோடு மட்டும் விழுந்து ரத்தம் வராமல் இருப்பது அதனால்தான், கீறல் எபிதீலியத்தைத் தாண்டவில்லை என்று அர்த்தம். சாப்பாடு, ஆக்சிஜன் எல்லாம் கீழே இருக்கிற இணைப்புத் திசுவிலிருந்து கசிந்துதான் வர வேண்டும். இரண்டுக்கும் நடுவில் அடித்தளச் சவ்வு என்று ஒரு மெல்லிய விரிப்பு இருக்கிறது. செல்கள் அதன் மேல், பக்கத்துச் செல்லோடு இடைவெளி இல்லாமல், நெருக்கிக்கொண்டு உட்கார்ந்திருக்கும்.

சரி, வடிவத்துக்கு வருவோம். எந்த இடமானாலும் இரண்டு கேள்வி கேளுங்கள்: இங்கே எது கடந்துபோக வேண்டும், எவ்வளவு தேய்மானம் இருக்கிறது? நுரையீரலின் காற்றறையில் ஆக்சிஜன் சட்டென்று ரத்தத்துக்குப் போக வேண்டும், உராய்வு என்று ஒன்றும் இல்லை. அதனால் அங்கே ஒரே அடுக்கு, அதுவும் தட்டையான செல். காற்றுக்கும் ரத்தத்துக்கும் இடையே உள்ள தடுப்பு பல இடங்களில் அரை மைக்ரோமீட்டர்கூட இருக்காது. உங்கள் கன்னத்தின் உட்பக்கமும் தட்டைச் செல்தான், ஆனால் அங்கே பல் இருக்கிறது, மென்று தேய்க்கிற வேலை நடக்கிறது, ஆகவே பல அடுக்கு. மேலடுக்கு உதிர உதிர அடியிலிருந்து புதுசு ஏறி வரும். தோலிலும் இதே ஏற்பாடு, கூடவே கெரட்டின் புரதம் நிறைந்த செத்த செல்களின் அடுக்கு ஒன்று மேலே இருக்கும். தோலின் அடியில் பிறந்த செல் மேலே வந்து உதிர ஏறக்குறைய நான்கு வாரம் ஆகிறது, வாய்க்குள் அதைவிட வேகம். கடிபட்ட கன்னம் சீக்கிரம் ஆறுவதற்கு இது ஒரு முக்கியமான காரணம்.

சிறுநீரகக் குழல்களில் கனசதுரச் செல்கள். ஒரு நாளைக்கு ரத்தத்திலிருந்து சுமார் 180 லிட்டர் நீர்மம் வடிகட்டப்படுகிறது, வெளியே போவது ஒன்றரை லிட்டர் அளவுதான், மீதி அத்தனையும் திரும்ப எடுக்கப்படுகிறது. அந்த உழைப்புக்குச் சக்தி வேண்டும், சக்தி தரும் மைட்டோகாண்ட்ரியாக்களை நிரப்பி வைக்கச் செல்லுக்குள் இடம் வேண்டும், தட்டைச் செல்லில் அது நடக்காது. குடலில் இன்னும் உயரமான தூண் செல்கள், மேல் நுனியில் ஆயிரக்கணக்கான நுண்விரல்கள். குடலை விரித்தால் டென்னிஸ் மைதானம் அளவு வரும் என்று வெகுகாலமாகச் சொல்லிவந்தோம். 2014-இல் ஸ்வீடன் ஆய்வாளர்கள் அளந்து பார்த்து, பாதி பூப்பந்து மைதானம்தான் என்று குறைத்துவிட்டார்கள். எனக்கு அதில் வருத்தம் ஒன்றும் இல்லை, அந்தப் பாதி மைதானத்தின் செல்கள் பெரும்பாலும் மூன்று முதல் ஐந்து நாளுக்குள் முழுக்க மாறிவிடுகின்றன என்பதே போதுமான ஆச்சரியம்.

மூச்சுக்குழாயில்தான் பழைய நுண்ணோக்கிக்காரர்கள் ஏமாந்தார்கள். உட்கருக்கள் மேலும் கீழுமாகத் தெரிவதால் பல அடுக்கு போலத் தோன்றும், உண்மையில் ஒவ்வொரு செல்லும் அடித்தளச் சவ்வில் கால் ஊன்றித்தான் நிற்கிறது, சிலது குட்டை, சிலது நெட்டை, அவ்வளவுதான். அதனால் பொய்யடுக்கு எபிதீலியம் என்று பெயர். நடுநடுவே கோப்பைச் செல்கள் சளியைச் சுரக்கும், தூசியும் கிருமியும் அதில் ஒட்டும், செல்களின் மேல் நுனியில் மயிர்போல இருக்கும் குறுஇழைகள் நொடிக்குப் பத்து முறைக்கு மேல் வீசி அந்தச் சளியைத் தொண்டைக்குத் தள்ளிவிடும், நாமும் தெரியாமலே விழுங்கிவிடுவோம். கேட்க அருவருப்பாக இருந்தாலும் நல்ல ஏற்பாடு.

எனக்குப் பிடித்தது சிறுநீர்ப்பை. காலியாக இருக்கும்போது எபிதீலியம் ஐந்தாறு அடுக்காகத் தெரியும், நிரம்பினால் இரண்டு மூன்று போல மெலியும். மேலடுக்கில் குடைபோலக் கவிந்த பெரிய செல்கள், அவை உபரிச் சவ்வைச் சின்னச் சின்னப் பைகளாக மடித்து உள்ளே வைத்திருக்கும், பை விரியும்போது அதை எடுத்துப் பரப்பிக்கொள்ளும். இத்தனை இழுபறியிலும் சிறுநீர் ரத்தத்துக்குள் திரும்பக் கசியக் கூடாது, கசிவதும் இல்லை.

இந்த வடிவம் நிரந்தரம் என்று நினைக்க வேண்டாம். வருஷக்கணக்கில் புகைபிடித்தால் மூச்சுக்குழாயில் அந்தக் குறுஇழைச் செல்கள் போய், பல அடுக்குத் தட்டைச் செல்கள் வந்து உட்காரும். புகையைத் தாங்க அது கெட்டிதான், ஆனால் சளியை மேலே தள்ளத் தெரியாது, ஆகவே தேங்குகிற சளியை இருமித்தான் வெளியேற்ற வேண்டியிருக்கிறது. உணவுக்குழாயில் தலைகீழாக நடக்கும். இரைப்பை அமிலம் அடிக்கடி மேலேறினால் அங்கிருந்த தட்டைச் செல்கள் போய்க் குடலைப் போன்ற தூண் செல்கள் வரும். பாரெட் உணவுக்குழாய் என்கிறார்கள், அதைப் பற்றி 1950-இல் எழுதிய அறுவை மருத்துவரின் பெயர். இரண்டு மாற்றமும் புற்றுநோய்க்கு வழிவிடக்கூடியவை. பெரியவர்களுக்கு வரும் புற்றுநோய்களில் பெரும்பாலானவை எபிதீலியத்தில்தான் தொடங்குகின்றன. ஓயாமல் பிரிகிற செல்கள், போதாக்குறைக்குப் புகையும் வெயிலும் கிருமியும் முதலில் படுவது இவற்றின் மேல்தான்.

இதிலேயே ஒரு நல்லதும் இருக்கிறது. உதிர்கிற செல்லை எடுத்துப் பார்க்கலாமே! கருப்பை வாயிலிருந்து செல்களைச் சுரண்டி எடுத்து, புற்றுநோய் வருமுன்னே கண்டுபிடிக்கும் பாப் சோதனைக்கு அடிப்படை இதுதான். ஜார்ஜ் பாப்பனிகோலாவ் 1928-இலேயே சொன்னார், 1940-களில்தான் மருத்துவ உலகம் காதுகொடுத்தது.

கடைசியாக, உங்கள் நாக்கு இன்னும் வாய்க்குள் சுற்றிக்கொண்டிருந்தால் பல்லையும் ஒரு முறை தொட்டுவிடுங்கள். அந்த எனாமலைச் செய்ததும் எபிதீலியச் செல்களே. ஆனால் பல் ஈறைக் கிழித்து வெளியே வரும்போது அந்தச் செல்கள் அழிந்துவிடுகின்றன, மறுபடி செய்ய ஆள் இல்லை. கன்னத்துக் காயம் இரண்டு நாளில் மறந்துபோகிறது, பல்லில் விழுந்த ஓட்டைக்கு மட்டும் பல் மருத்துவரிடம் போய் வாயைத் திறந்துகொண்டு உட்கார வேண்டியிருக்கிறது. வணக்கம்.