ஒரே நாளில் அமெரிக்காவும் ஐரோப்பாவும்: 1974-ல் ஸ்வீடன் பார்த்த வேலை

வணக்கம் மக்களே!

1974 ஏப்ரல் 6, சனிக்கிழமை. அந்தத் தேதியிட்ட அமெரிக்காவின் பில்போர்டு ஹாட் 100 பட்டியலில் முதல் இடத்தில் ஒரு ஸ்வீடன் குழு. அதே ராத்திரி, இங்கிலாந்தின் பிரைட்டன் நகரில், ஐரோப்பிய நாடுகள் மோதும் யூரோவிஷன் பாட்டுப் போட்டியை ஜெயித்தது இன்னொரு ஸ்வீடன் குழு. அப்போது அந்த நாட்டின் மொத்த ஜனத்தொகையே ஏறக்குறைய 80 லட்சம்தான்!

இரண்டாவது குழு 'அப்பா' (ABBA). தெரியும், தெரியும். முதல் குழு யார்?

(திரையில்: பழைய இசைத்தட்டு உறை)

ப்ளூ ஸ்வீட். பாடகர் பியோர்ன் ஷிஃப்ஸ். பாட்டு 'ஹூக்ட் ஆன் எ ஃபீலிங்'. 2014-ல் வந்த மார்வெல் படத்தில் 'ஊகா சாகா' என்று ஆரம்பிக்குமே, அதேதான். ஆனால் பாட்டு ஸ்வீடனில் பிறந்தது இல்லை. 1968-ல் அமெரிக்கர் பி.ஜே. தாமஸ் பாடியது. அந்த 'ஊகா சாகா'வைச் சேர்த்தவர் 1971-ல் அதை மறுபடி பாடிய ஆங்கிலேயர் ஜோனதன் கிங். ப்ளூ ஸ்வீட் குழு அதை எடுத்துப் பாடி அமெரிக்காவின் உச்சியில் போய் உட்கார்ந்துவிட்டார்கள். அதற்கு முன் எந்த ஸ்வீடன் குழுவும் அங்கே ஏறியதில்லை.

சரி, பிரைட்டனுக்கு வருவோம். 17 நாடுகள். ஒவ்வொரு நாட்டுக்கும் பத்து நடுவர்கள், ஆளுக்கு ஒரு ஓட்டு. அப்பா குழு பாடிய 'வாட்டர்லூ'வுக்கு 24 ஓட்டு, முதலிடம். போட்டியை நடத்திய பிரிட்டன் கொடுத்தது எவ்வளவு தெரியுமா? பூஜ்ஜியம்! அடுத்த மாதமே அதே பிரிட்டனின் விற்பனைப் பட்டியலில் இந்தப் பாட்டு முதலிடம். நடுவர்கள் ஒரு பக்கம், கடையில் காசு கொடுத்து வாங்கிய ஜனங்கள் இன்னொரு பக்கம்.

இசைக்குழுவை நடத்திய ஸ்வென்-ஓலோஃப் வால்டாஃப் நெப்போலியன் வேஷத்தில் வந்து நின்றார் (நெப்போலியன் தோற்ற போர்க்களம்தான் வாட்டர்லூ). குழுவின் உடுப்புகளோ பளபளா. ஏன் அப்படி ஒரு உடுப்பு? அப்பா குழுவின் பியோர்ன் உல்வேயஸ் பிற்பாடு சொன்ன காரணம்: ஸ்வீடன் வரிச் சட்டப்படி, தெருவில் போட்டுக்கொண்டு நடக்க முடியாத உடுப்பாக இருந்தால்தான் அதை மேடைச் செலவாகக் கணக்கில் காட்டலாமாம். ஆடிட்டர் வைத்த ஃபேஷன்! அந்த உடுப்பே அவரை மாட்டிவிட்டது. ஜெயித்த பிறகு பாட்டு எழுதியவர்களை மேடைக்குக் கூப்பிட்டபோது, 'இவரா எழுதினார்?' என்று காவலாளி வழிமறித்துவிட்டாராம்.

இப்போது எனக்கு ரொம்பப் பிடித்த இடம். ஹெட்ஃபோன் இருந்தால் மாட்டிக்கொள்ளுங்கள்.

(திரையில்: சுழலும் ஒலிநாடா)

அந்தப் பாட்டு ஏன் அவ்வளவு 'பெரிசாக' கேட்கிறது? 1973 டிசம்பரில் ஸ்டாக்ஹோம் மெட்ரோனோம் ஸ்டூடியோவில் பதிவு செய்தவர் ஒலிப் பொறியாளர் மைக்கேல் ட்ரெட்டோ. அமெரிக்கத் தயாரிப்பாளர் ஃபில் ஸ்பெக்டர் ஒரே அறையில் ஏகப்பட்ட வாத்தியக்காரர்களை நெருக்கி உட்கார வைத்துப் பிரம்மாண்டமான ஒலியை உண்டாக்குவார். ட்ரெட்டோவுக்கும் அந்த ஒலி வேண்டும், ஆனால் அத்தனை பேருக்குச் சம்பளம் கொடுக்க வழியில்லை. எனவே இருப்பவர்களையே வாசிக்க வைத்து, பிறகு நாடாவின் வேகத்தை ஒரு துளி மாற்றிவிட்டு, அதன் மேலேயே மறுபடி வாசிக்கச் சொன்னார். திரும்பப் போட்டால் இரண்டு பதிவுக்கும் சுருதியில் மயிரிழை வித்தியாசம் இருக்கும். பஜனையில் இருபது பேர் சேர்ந்து பாடும்போது யாருமே அச்சு அசலாக ஒரே சுருதியில் நிற்பதில்லை, அதனால்தான் அது கூட்டமாகக் கேட்கிறது. அந்தக் கூட்டத்தை நாலைந்து பேரை வைத்தே வரவழைத்துவிட்டார் மனுஷன். 1973-ல் 'ரிங் ரிங்' பாட்டில் சோதித்துப் பார்த்த வித்தை இது. அப்பாவில் நாலு பேர் என்பார்கள்; என்னைக் கேட்டால் ட்ரெட்டோவையும் சேர்த்து ஐந்து பேர். எதிர்க்கட்சிக்காரர்கள் கமெண்டில் வந்து சண்டை போடுங்கள்.

அதே போட்டியில் ஸ்வீடனின் பக்கத்து நாடான நார்வே? 3 ஓட்டு, கடைசி இடம். ஆனால் அந்தக் கடைசி இடத்தைப் பங்குபோட்ட போர்ச்சுகல் பாட்டைப் பாருங்கள். போர்ச்சுகல் ஸ்வீடன், நார்வே இருக்கும் ஸ்காண்டிநேவியாவில் இல்லைதான், சொல்லாமல் போக மனசு வரவில்லை. ஏப்ரல் 24 ராத்திரி 10:55-க்கு அந்தப் பாட்டு போர்ச்சுகல் தலைநகர் லிஸ்பனின் வானொலியில் ஒலித்தது. ராணுவத்தினர் தயாராவதற்கான ரகசிய சமிக்ஞை அது! மறுநாளே சர்வாதிகார அரசு கவிழ்ந்தது. ஜெயித்த பாட்டு தட்டு விற்றது, தோற்ற பாட்டு ஆட்சியைக் கவிழ்த்தது.

அப்புறம், சாஸ்திரிய இசை. அந்த வருஷம் ஸ்வீடன் திரைப்பட இயக்குநர் இங்மார் பெர்க்மன் மோட்சார்ட்டின் 'மாய புல்லாங்குழல்' ஓபராவை ஸ்வீடிஷ் மொழியில் தொலைக்காட்சிக்காகப் படமாக்கினார். 18-ஆம் நூற்றாண்டின் ட்ரோட்னிங்ஹோம் அரண்மனை அரங்கம் படப்பிடிப்பைத் தாங்காது என்பதால், ஸ்டூடியோவில் அதேபோல ஒரு மேடையைக் கட்டினார்கள். ஒளிபரப்பு 1975 புத்தாண்டு அன்று.

சொந்த ஊரில் அப்பாவுக்கு மாலை மரியாதையா? அதுதான் இல்லை. 'இது வெறும் வியாபாரம்' என்று இடதுசாரி இசைக்காரர்கள் கடுப்பானார்கள். 1975-ல் யூரோவிஷன் போட்டி ஸ்டாக்ஹோமுக்கு வந்தபோது எதிர்த்துத் தனி விழாவே நடத்தினார்கள். 1976-ல் ஸ்வீடன் போட்டிக்கே போகவில்லை. அவர்கள் கோபத்தில் கொஞ்சம் நியாயம் இருக்கிறது. ஆனால் பாட்டு நல்ல பாட்டுதானே சார்?

அந்த வியாபாரப் பணம் எங்கே போனது தெரியுமா? 'வாட்டர்லூ'வின் வரிகளை எழுதிய, அப்பா குழுவின் மேலாளர் ஸ்டிக் ஆண்டர்சன் பின்னாளில் கொடுத்த நிதியில்தான் ஸ்வீடனின் போலார் இசைப் பரிசு உருவானது. 1998-ல் அதை ரே சார்ல்ஸோடு சேர்ந்து வாங்கியவர் நம்ம சிதார் மேதை ரவி சங்கர்! அந்தப் பரிசைப் பற்றித் தனி வீடியோ வேண்டுமென்றால் கீழே ஒரு 'ஊகா சாகா' போடுங்கள்.