கேட்டு வாங்கிய வழக்கு

வணக்கம் நேயர்களே.

1898 ஜனவரி 13. பாரிஸ் தெருக்களில் 'லோரோர்' நாளிதழைக் கூவிக் கூவி விற்கிறார்கள். அன்றைக்கு ஏறக்குறைய 3,00,000 பிரதிகள். முதல் பக்கத்தில், நாவலாசிரியர் எமில் ஸோலா நாட்டின் ஜனாதிபதிக்கு எழுதிய பகிரங்கக் கடிதம். 'நான் குற்றம் சாட்டுகிறேன்' என்ற அந்தத் தலைப்பு ஸோலா வைத்ததல்ல, பத்திரிகையில் இருந்த கிளெமான்சோ வைத்தது.

விஷயம் இதுதான். ஜெர்மனிக்கு ராணுவ ரகசியம் விற்றதாக, ட்ரேஃபஸ் என்ற யூத கேப்டனை 1894இல் தண்டித்துத் தீவுச் சிறைக்கு அனுப்பிவிட்டார்கள். உண்மையில் விற்றவர் எஸ்தர்ஹாசி என்ற இன்னொரு அதிகாரி. அவரை ராணுவ நீதிமன்றம் ஜனவரி 11 அன்று விடுவித்தது. இரண்டே நாளில் கடிதம் வந்துவிட்டது.

கோபத்தில் கொட்டிய கடிதம் என்றுதான் பலரும் சொல்வார்கள். எனக்கு அதில் ஒரு வக்கீலின் மூளை தெரிகிறது. தளபதிகளைப் பெயர் சொல்லி வரிசையாகக் குற்றம் சாட்டிவிட்டு, கடைசியில், 1881ஆம் ஆண்டுப் பத்திரிகைச் சட்டத்தில் அவதூறு பற்றிய 30, 31ஆம் பிரிவுகளில் மாட்டுவேன் என்று தெரிந்தேதான் எழுதுகிறேன் என்கிறார். எந்தப் பிரிவில் வழக்குப் போடலாம் என்று அவரே எடுத்துக் கொடுக்கிறார்! ராணுவம் கதவைச் சாத்திக்கொண்டு முடித்ததை ஜூரிகள் முன்னால் இழுத்து வர அவருக்கு அந்த வழிதான் தெரிந்தது.

அரசும் லேசுப்பட்டதல்ல. எஸ்தர்ஹாசியை மேலிட உத்தரவுப்படி விடுவித்தார்கள் என்ற பகுதியை மட்டும் பிடித்துக்கொண்டு வழக்குப் போட்டது. ட்ரேஃபஸ் பேச்சு எடுத்தாலே, "அந்தக் கேள்விக்கு அனுமதியில்லை" என்றார் நீதிபதி. ஓராண்டுச் சிறை, 3,000 பிராங்க் அபராதம். அப்புறம் ஜூலையில், இரவு உடையைச் செய்தித்தாளில் சுற்றி எடுத்துக்கொண்டு லண்டனுக்கு ரயிலேறினார். அங்கே ஏறக்குறைய பதினோரு மாதம்.

கடிதம் எழுதியபோது அவருக்கு 57 வயது. பணமும் புகழும் போதும் போதும் என்று இருந்தன. ஆனாலும் 1884இல் ஆன்சான் பகுதி வேலைநிறுத்தத்தின்போது நிலக்கரிச் சுரங்கத்தில் தானே இறங்கிப் பார்த்துவிட்டு 'ஜெர்மினால்' எழுதிய மனிதர், சும்மா இருப்பாரா? 1902இல் அடைபட்ட புகைபோக்கியால் நச்சுப்புகை பரவி இறந்தார். சவ ஊர்வலத்தில் சுரங்கத் தொழிலாளர்கள் அந்த நாவலின் பெயரையே முழக்கமாகச் சொல்லிக்கொண்டு நடந்தார்கள்.

ட்ரேஃபஸ் நிரபராதி என்று 1906இல்தான் தீர்ப்பு வந்தது. 1908இல் ஸோலாவின் உடலை, நாட்டின் பெரியவர்களை அடக்கம் செய்யும் பாந்தியோனுக்கு மாற்றிய விழாவுக்கு அவரும் வந்திருந்தார். அங்கே ஒரு பத்திரிகைக்காரர் அவரைக் கையில் சுட்டார். வழக்கு நடந்தது. சுட்டவரை ஜூரிகள் விடுதலை செய்துவிட்டார்கள்.