பாறைக்கும் ஆற்றுக்கும் நடுவே ஓர் ஊர்

நண்பர்களே, வணக்கம்.

பிரான்சின் தென்மேற்கே, பெரிகோர் வட்டாரத்தில், தோர்தோஞ் ஆற்றங்கரையில் லா ரோக் கஜாக் என்று ஓர் ஊர் இருக்கிறது. சில நூறு பேர் வாழும் சிற்றூர். கரையோரமாக ஒரு சாலை, சாலையை ஒட்டி வீடுகள், அவ்வளவுதான். வீடுகளுக்குப் பின்னால் கொல்லை கிடையாது. செங்குத்தாக எழும்பும் மஞ்சள் சுண்ணாம்புப் பாறைதான் இருக்கிறது. சில வீடுகளுக்குப் பின்சுவரே அந்தப் பாறைதான்.

பாறை தெற்குப் பார்த்து நிற்கிறது. வடக்கிலிருந்து வரும் குளிர்காற்றை மறித்துவிடுகிறது. பகலெல்லாம் வெயிலை வாங்கிக்கொண்டு, பொழுது சாய்ந்தபின் அந்தச் சூட்டை மெதுவாக விடுகிறது. அதனால்தான் பனிக்காலம் உள்ள அந்த நாட்டில், தேவாலயத்துக்குப் போகும் சந்தில் வாழை நிற்கிறது. ஈச்சமர வகைகளும் மூங்கிலும் கூட வளர்கின்றன.

சரி, ஆற்றுக்கு வருவோம். தோர்தோஞ், புய் த சான்சி என்ற பழைய எரிமலையில் பிறக்கிறது. 480 கிலோமீட்டருக்கு மேல் ஓடி, போர்தோவுக்குக் கீழே கரோன் ஆற்றோடு கலக்கிறது. ரயில் வருவதற்கு முன்பு அந்த மக்களுக்கு நெடுஞ்சாலை இந்த ஆறுதான். ஆனால் வருடம் முழுக்கப் படகு ஓடாது. கோடையில் பாறையும் மணல்திட்டும் தலைகாட்டும். மழைக்காலத்தில் வெள்ளம் படகை அடித்துக்கொண்டு போய்விடும். இரண்டுக்கும் நடுவே, அளவாகத் தண்ணீர் ஓடும் சில வாரங்களை அங்குள்ளவர்கள் 'வியாபாரத் தண்ணீர்' என்று சொல்வார்கள். எனக்கு ரொம்பப் பிடித்த சொல் அது. ஓர் ஊரின் பிழைப்பு முழுவதும் அதற்குள் இருக்கிறது.

அந்த வாரங்களில் மேற்கே போகும் தட்டையடிப் படகுகளுக்குக் காபார் என்று பேர். மேலாற்றில் அர்ழான்தா பக்கத்துக் காடுகளில் வெட்டிய ஓக் பலகைகளை ஏற்றிக்கொண்டு வருவார்கள். கீழே திராட்சை நாட்டில் பீப்பாய் செய்ய அந்தப் பலகை வேண்டும். சரக்கை இறக்கியதும் படகையே கழற்றி, மரத்தை விற்றுவிடுவார்கள். நீரோட்டத்தை எதிர்த்து அதை மேலே இழுத்துப்போவது கட்டுப்படியாகாது. அப்புறம் படகோட்டிகள் வீடு வரைக்கும் நடந்தே திரும்புவார்கள். அந்த நடையை நினைத்தால் எனக்கு மனம் கனக்கிறது: தன் கையால் ஓட்டிவந்த படகை விறகாகப் பார்த்துவிட்டு, பல நாள் வழியை ஒரு மனிதர் நடந்து கடக்கிறார். 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ரயில் வந்தது, இந்தத் தொழில் ஓய்ந்தது. இன்று அதே பேரில் ஓடும் படகுகள் சுற்றுலாப் பயணிகளை ஏற்றிச் செல்கின்றன.

இந்தச் சின்ன ஊரில் பிறந்தவர்தான் ழான் தார்த். சார்லா மறைமாவட்டப் பாதிரியார், வரலாறு எழுதியவர், வரைபடம் வரைந்தவர். 1614இல் இத்தாலிக்குப் போய் கலிலியோவை நேரில் சந்தித்தார். ஊர் திரும்பித் தொலைநோக்கியை வைத்துக்கொண்டு சூரியனின் கரும்புள்ளிகளைக் கவனித்தார். அவை சூரியனைச் சுற்றும் கோள்கள் என்று முடிவு கட்டி, பிரெஞ்சு அரச குடும்பமான பூர்பன்களின் பேரைச் சூட்டி, 1620இல் ஒரு நூல் வெளியிட்டார். அவர் முடிவு தவறு. ஆனாலும் இந்தப் பள்ளத்தாக்கில் உட்கார்ந்து சூரியனை விடாமல் பார்த்த அந்தக் கண்ணை நான் மதிக்கிறேன்.

பாறையின் நடு உயரத்தில், குகைக்குள் கட்டிய ஒரு கோட்டை இருக்கிறது. இங்கிலாந்தும் பிரான்சும் மோதிய நூறாண்டுப் போரில் இந்த ஆற்றின் கரைகள் கைமாறிக்கொண்டே இருந்தன. அப்போதெல்லாம் ஊருக்குக் காவல் மேலே இருந்தது.

அதே பாறை உயிரையும் எடுத்திருக்கிறது. சுண்ணாம்புக் கல்லின் விரிசலில் மழைநீர் இறங்கும்; குளிரில் உறைந்து விரியும்; விரிசல் வருடா வருடம் அகலும். 1957 ஜனவரி 17 அன்று ஒரு பெரும்பாறை பிளந்து ஊரின் மேல் விழுந்தது. வீடுகள் நொறுங்கின, மூன்று பேர் இறந்தார்கள். 2010இலும் கல் சரிந்தது. கோட்டைக்குப் போகும் வழியை மூடினார்கள்.

முன்னால் இருக்கும் ஆறும் சும்மா இருப்பதில்லை. குளிர்காலத்தில் சில வருடங்கள் கரையேறி, சாலையைத் தாண்டி வாசற்படி வரை வருகிறது. வந்த தண்ணீர் வடிந்ததும் சேற்றை வழித்துவிட்டுக் கதவைத் திறக்கிறார்கள். பின்னால் பாறை வெயிலில் காய்ந்துகொண்டிருக்கிறது.